எங்கே வெட்டாமல் விடுவது

அன்புள்ள சார்,

வணக்கம். நான் 7 வருடமாகச் சென்னையில் எடிட்டிங்கில் இருக்கிறேன். கல்யாண வீடியோ, விளம்பரம், டிரெய்லர் என்று ஆரம்பித்து இப்போது ஒரு எடிட்டரிடம் அசோசியேட்டாக வேலை பார்க்கிறேன். போன மாதம் எழுதிய கட்டுரையில் போகிறபோக்கில் அமெரிக்க இயக்குநர் ஹால் ஆஷ்பியைக் குறிப்பிட்டிருந்தீர்கள். ‘எடிட்டிங் மேஜையிலிருந்து எழுந்துவந்து சாவை வைத்துச் சிரிக்கவைத்த ஆள்’ என்று ஒரே ஒரு வரி. அதைப் படித்த பிறகு அவருடைய படங்களை ஒவ்வொன்றாகத் தேடிப் பார்த்துக்கொண்டிருக்கிறேன். அவரைப் போல ஒரு சுயாதீன இயக்குநராக வேண்டும் என்பதுதான் என் ஆசையும்.

சேமிப்பைப் போட்டு 18 நிமிடக் குறும்படம் ஒன்று எடுத்திருக்கிறேன். கிராமத்தில் ஒரு பெரியவர் இறந்துபோகிறார். துபாயிலிருந்து மூத்த மகன் வந்து சேரும்வரை உடலை ஐஸ் பெட்டியில் வைக்கிறார்கள். கரண்ட் போய்விடுகிறது. ஜெனரேட்டருக்கு யார் டீசல் போடுவது என்று இளைய மகன்கள் இரண்டு பேரும் அடித்துக்கொள்கிறார்கள். டார்க் காமெடி என்று நினைத்துத்தான் எடுத்தேன். நண்பர்கள் 12 பேரை உட்காரவைத்துப் போட்டுக் காட்டினேன். ஒருவரும் சிரிக்கவில்லை. ஒருவர் ‘எங்கப்பா செத்தப்பவும் இப்படித்தான்’ என்று அழுதுவிட்டார். சீனியர் ஒருவர், ‘எடிட்டர் படம் எடுத்தா கட் எல்லாம் சுத்தமா இருக்கும், உயிர் இருக்காது’ என்றார். அன்றிலிருந்து சரியாகத் தூங்கவில்லை.

எடிட்டிங் தெரிந்திருப்பது இந்த மாதிரிப் படத்துக்கு உதவியா, இடைஞ்சலா? ஆஷ்பியும் கடைசியில் தோற்றுத்தானே போனார்? அப்படியென்றால் சீனியர் சொன்னது உண்மைதானா? படத்தின் லிங்க்கை இத்துடன் அனுப்பியிருக்கிறேன். கடிதத்தை வெளியிட்டால் என் பெயர் வேண்டாம், வேலை செய்யும் இடத்தில் சிக்கலாகும்.

*

அன்புள்ள நண்பருக்கு,

பெயரை எடுத்துவிட்டேன். படத்தை இரண்டு முறை பார்த்தேன். அதைப் பற்றிக் கடைசியில் சொல்கிறேன், நேராக அங்கே தாவிவிடாதீர்கள்.

முதலில் ஒரு திருத்தம். நாம் இன்றைக்குச் சொல்கிற பொருளில் ஆஷ்பி சுயாதீன இயக்குநர் கிடையாது. முதல் படத்துக்குப் பணம் போட்டது யுனைடெட் ஆர்ட்டிஸ்ட்ஸ், இரண்டாவதுக்கு பாரமவுண்ட், மூன்றாவதுக்கு கொலம்பியா. கடைசிவரை அடுத்தவர் பணத்தில்தான் எடுத்தார். படப்பிடிப்பு முடிந்து, எடிட்டிங் அறைக்குள் போய்க் கதவைச் சாத்திக்கொண்டால்தான் அவர் சுதந்திரமான மனிதர். பின்னால் அவரை முடக்க நினைத்தவர்களும் சரியாக அந்தக் கதவைத்தான் உடைத்தார்கள். அதைப் பிறகு சொல்கிறேன்.

அவர் 1929-இல் அமெரிக்காவின் யூட்டா மாநிலத்தில் ஆக்டன் என்ற ஊரில் பிறந்தார். மார்மன் என்ற கிறிஸ்தவப் பிரிவைச் சேர்ந்த குடும்பம். 12 வயதில் தந்தையை இழந்தார், தந்தை தன்னைத் தானே சுட்டுக்கொண்டார். பிற்பாடு இந்தப் பையன் பொய்த் தற்கொலைகள் நிறைந்த ஒரு நகைச்சுவைப் படத்தை எடுத்தான் என்றதும் நம் ஆட்கள் உடனே மனோதத்துவத்தில் இறங்கிவிடுவார்கள். எனக்கு அதில் ஆர்வமில்லை. சாவைத் தூரத்திலிருந்து பார்த்து ஜோக் அடித்த ஆள் இல்லை என்பதை மட்டும் மனதில் வைத்துக்கொள்ளுங்கள்.

கலிஃபோர்னியாவுக்கு வந்து யுனிவர்சல் ஸ்டுடியோவில் அவர் சேர்ந்தது ஸ்கிரிப்ட் நகல் எடுக்கிற இயந்திரத்தை ஓட்டும் வேலைக்கு. நம் ஊர் ஜெராக்ஸ் கடைப் பையன் என்று வைத்துக்கொள்ளலாம். அங்கிருந்து எடிட்டிங் பக்கம் நகர்ந்தார். அன்றைய யூனியன் விதிப்படி 8 வருடம் உதவியாளராக இருந்த பிறகுதான் ஒருவர் எடிட்டர் ஆக முடியும். நீங்கள் 7 வருடம் என்று எழுதியதைப் படித்தபோது எனக்கு அந்த 8 ஞாபகம் வந்தது. அந்த வருடங்களில் பிலிம் சுருள்களைத் தூக்கி வைத்துக்கொண்டும், எண் போட்டுக்கொண்டும், வெட்டி எடுத்த மிச்சத் துண்டுகளை (டிரிம்களை) தொங்கவிட்டுக்கொண்டும் இருந்தார். அவருக்கு வாய்த்த குரு ராபர்ட் ஸ்விங்க், இயக்குநர் வில்லியம் வைலரின் எடிட்டர். அவர் சொல்லிக்கொடுத்தது மிகவும் எளிமையானது. பிலிம் கைக்கு வந்ததும் ஸ்கிரிப்டை மறந்துவிடு, விதிகளைத் தூக்கிப் போடு, இயக்குநர் என்ன நினைத்திருப்பார் என்று ஊகிக்காதே, பிலிமைப் பார், எங்கே போவது என்று அதுவே சொல்லும்.

1970-இல் ஆஷ்பி ஒரு கட்டுரை எழுதினார், எடிட்டிங் அறையிலிருந்து வெளியே வந்ததைப் பற்றி. எடிட்டிங்தான் இயக்கத்துக்குச் சரியான பள்ளிக்கூடம் என்பது அதில் அவருடைய கட்சி. எழுத்து, நடிப்பு, ஒளி, அரங்கம், ஒலி என்று எல்லாருடைய உழைப்பும் கடைசியில் அந்த மேஜைக்குத்தான் வந்து சேர்கிறது. ஒரு விஷயம் ஏன் நன்றாக வந்திருக்கிறது, ஏன் வரவில்லை என்று புரியும்வரை அங்கே திரும்பத் திரும்பப் பார்க்கலாம். வேறு எந்தத் துறைக்காரனுக்கும் இந்த வாய்ப்பு இல்லை. கேமராமேன் அடுத்த ஷாட்டுக்குப் போய்விடுவார். நடிகர் அடுத்த படத்துக்கே போய்விடுவார். எடிட்டர் மட்டும்தான் அந்த முகத்தை 40 முறை பார்க்கிறார்.

நார்மன் ஜூவிஸன் இயக்கி 1967-இல் வந்த ‘இன் த ஹீட் ஆஃப் த நைட்’ படத்துக்காக ஆஷ்பிக்கு எடிட்டிங் ஆஸ்கர் கிடைத்தது. ஜூவிஸன் தான் இயக்குவதாக இருந்த ஒரு கதையை அவர் கையில் கொடுத்து, தானே தயாரிக்கவும் செய்தார். 1970-இல் வந்த ‘த லேண்ட்லார்ட்’ அதுதான். புரூக்ளினில் கறுப்பின ஏழைகள் குடியிருக்கும் கட்டடத்தை வாங்கி, அவர்களைக் காலி செய்துவிட்டுத் தனக்கு மாளிகையாக மாற்றிக்கொள்ளத் திட்டம் போடுகிற ஒரு பணக்கார வெள்ளைப் பையனின் கதை. அப்போது ஆஷ்பிக்கு 40 வயது. உங்கள் வயது எனக்குத் தெரியாது, ஆனால் அவசரப்படுகிற வயது என்று கடிதமே சொல்கிறது.

சரி, விஷயத்துக்கு வருகிறேன். இருண்ட நகைச்சுவை என்கிறார்கள், அவல நகைச்சுவை என்கிறார்கள். எனக்கு இழவு வீட்டுச் சிரிப்பு என்று சொன்னால் போதும். எந்த இழவு வீட்டிலும் திண்ணைப் பக்கம் அது இருக்கும். அங்கே யாரும் ஜோக் சொல்வதில்லை. பெரிய விஷயம் ஒன்று உள்ளே கிடக்கிறது, சின்ன விஷயங்கள் வெளியே நடந்துகொண்டே இருக்கின்றன, அவ்வளவுதான். இரண்டையும் ஒரே பார்வையில் பார்ப்பவனுக்குச் சிரிப்பு வருகிறது. அவனும் வாயைப் பொத்திக்கொண்டுதான் சிரிக்கிறான்.

இதை சினிமாவில் எப்படிச் செய்வது? ஆஷ்பியின் இரண்டாவது படம், 1971-இல் வந்த ‘ஹெரால்ட் அண்ட் மாட்’, அதன் முதல் காட்சியை மறுபடி போட்டுப் பாருங்கள். பெரிய பணக்கார வீடு. ஒரு பையன் படியிறங்கி வருகிறான். காலும் கையும்தான் நமக்குத் தெரிகின்றன. இசைத்தட்டைச் சுழலவிடுகிறான், மெழுகுவர்த்தி ஏற்றுகிறான், எல்லாம் நிதானமாக, பூஜைக்கு ஏற்பாடு செய்கிற மாதிரி. பிறகு தூக்கில் தொங்குகிறான். அம்மா உள்ளே வருகிறாள். ஒரு கணம் பார்க்கிறாள். உட்கார்ந்து தொலைபேசியை எடுத்து யாரிடமோ தன் பாட்டுக்குப் பேசுகிறாள். இதெல்லாம் பெரிய தமாஷ் என்று நினைப்பாக்கும் என்பது போல ஒரு வார்த்தை. போகிறபோது, எட்டு மணிக்குச் சாப்பாடு, கொஞ்சம் கலகலப்பாக இரு என்று சொல்லிவிட்டுப் போகிறாள்.

நாம் எங்கே சிரித்தோம்? பையனைப் பார்த்து இல்லை. அவள் தொலைபேசியை எடுத்த இடத்தில். அந்த இடம் வேலை செய்வதற்குக் காரணம், அவளுக்கு முன்னால் வருகிற அத்தனை நிமிடங்களும் அவசரமில்லாமல் போவதுதான். எடிட்டர் மூளை இருக்கிற யாருக்கும் அங்கே கை பரபரக்கும். படியிறங்குவதைப் பாதியில் வெட்டலாம், மெழுகுவர்த்தி எதற்கு என்று தோன்றும். ஆஷ்பி எதையும் வெட்டவில்லை. நம்மைக் கலவரப்படவிட்டு, அந்தக் கலவரத்தோடு உட்காரவைத்து, அதன் பிறகுதான் அம்மாவை உள்ளே அனுப்புகிறார்.

இப்போது அதே படத்தில் இன்னொரு இடம். 79 வயது மாட் அந்தப் பையனோடு மாலை வெளிச்சத்தில் உட்கார்ந்திருக்கிறாள். அவன் அவள் கையைப் பிடிக்கும்போது முன்கையில் பச்சை குத்திய எண் ஒன்று தெரிகிறது. நாஜி வதைமுகாமில் குத்தப்பட்ட எண். கண் சிமிட்டினால் தவறிவிடும். அவன் பார்த்துவிட்டான், நாமும் பார்த்துவிட்டோம், அவ்வளவுதான். அவள் கடற்பறவைகளைப் பற்றிப் பேசத் தொடங்கிவிடுகிறாள். அதற்குப் பிறகு படத்தில் எங்கேயும் யாரும் அதைப் பற்றி ஒரு சொல்கூடச் சொல்வதில்லை. வேறு ஒருவர் எடுத்திருந்தால் அந்த எண்ணுக்கு வயலின் வந்திருக்கும், கறுப்பு வெள்ளையில் ஒரு ஃபிளாஷ்பேக் வந்திருக்கும், கிழவி ஒரு பக்கம் வசனம் பேசியிருப்பாள்.

நாம் முகத்தைத் திருப்பிக்கொள்ள விரும்புகிற இடத்தில் அவர் நிற்கிறார். நாம் நின்று கண்ணீர் விட விரும்புகிற இடத்தைச் சட்டென்று கடந்துவிடுகிறார். அழுகைப் படத்தின் அளவுகளைத் தலைகீழாகத் திருப்பிப் போட்டது மாதிரி. இந்தத் திருகலை எழுத்தில் கொண்டுவர முடியாது, நான் முயன்று தோற்றிருக்கிறேன். ஸ்கிரிப்டில் இரண்டுமே இரண்டு வரிதான் வரும். ஒன்று எவ்வளவு நேரம், இன்னொன்று எவ்வளவு நேரம் என்பதில்தான் சூட்சுமமே இருக்கிறது. அந்தக் கணக்கு மேஜையில் உட்கார்ந்தவனின் விரல்களில் இருக்கிறது. உங்கள் கேள்விக்கு என் பதில் இதுதான்: உதவி. பெரிய உதவி. ஆனால் எங்கே வெட்டுவது என்று தெரிந்திருப்பது இல்லை நான் சொல்வது.

இங்கிலாந்தில் ராபர்ட் ஹாமர் என்று ஒருவர் இருந்தார். அவரும் எடிட்டர்தான், 1939-இல் ஹிட்ச்காக்கின் ‘ஜமைக்கா இன்’ படத்தை எடிட் செய்தவர். 1949-இல் ‘கைண்ட் ஹார்ட்ஸ் அண்ட் கரோனெட்ஸ்’ என்ற படத்தை இயக்கினார். பிரபு பட்டம் தனக்கு வர வேண்டும் என்பதற்காக, குறுக்கே நிற்கும் உறவினர்களை ஒவ்வொருவராகத் தீர்த்துக்கட்டுகிற ஒரு நாகரிகமான இளைஞனின் கதை. அந்த உறவினர்கள் எல்லாருமாக நடித்தது அலெக் கின்னஸ் ஒருவரே. அதில் ஒருவர் புகைப்படப் பைத்தியம். அவருடைய இருட்டறையில் நம் கதாநாயகன் வெடிக்க ஏற்பாடு செய்துவிட்டு, தோட்டத்தில் அவர் மனைவியோடு தேநீர் குடித்துக்கொண்டிருக்கிறான். பேச்சு மிக மரியாதையாகப் போய்க்கொண்டிருக்கிறது. அவர்களுக்குப் பின்னால், சுவருக்கு அந்தப் பக்கம், மெல்லப் புகை எழும்புகிறது. அவன் பேசிக்கொண்டே இருக்கிறான்.

ஹாமர் இருட்டறைக்குள் போகவில்லை. வெடிக்கிற ஷாட் கிடையாது, சாகிற முகம் கிடையாது. தேநீர், பேச்சு, புகை, மூன்றும் ஒரே சட்டகத்தில். அந்த ஷாட்டைத் துண்டு போட்டிருந்தால் அது சாதாரணக் கொலை. போடாததால் 75 வருடமாக ஆட்கள் சிரித்துக்கொண்டிருக்கிறார்கள்.

ஹாமர் வேலை பார்த்த அதே ஈலிங் ஸ்டுடியோவில் சார்லஸ் கிரைட்டன், அவரும் எடிட்டராக இருந்து நகைச்சுவைப் படங்கள் எடுத்தவர். அமெரிக்க இயக்குநர்களான கோயன் சகோதரர்களில் மூத்தவரான ஜோயல், ஒரு சின்னப் பேய்ப் படத்தில் எடிட்டிங் உதவியாளராகத்தான் தொடங்கினார். சகோதரர்கள் இருவரும் தங்கள் படங்களைத் தாங்களே எடிட் செய்துவிட்டு, ரோடரிக் ஜெய்ன்ஸ் என்று இல்லாத ஒரு கிழவரின் பெயரைப் போடுவார்கள். அந்த இல்லாத ஆள் இரண்டு முறை ஆஸ்கருக்குப் பரிந்துரைக்கப்பட்டார். அதுவே ஒரு டார்க் காமெடி.

இதையெல்லாம் அடுக்கியதும் ‘பார்த்தாயா, எடிட்டர் என்றாலே இந்த வகைதான்’ என்று கிளம்பிவிடாதீர்கள். டேவிட் லீனும் எடிட்டிங்கிலிருந்து வந்தவர், அவர் ‘லாரன்ஸ் ஆஃப் அரேபியா’வில் பாலைவனத்தை எடுத்தார். நம் பீம்சிங் எடிட்டிங் உதவியாளராக இருந்தவர், ஊரையே அழவைத்தார். எஸ்.பி.முத்துராமன் ஏவி.எம்.மின் எடிட்டிங் பிரிவில் தொடங்கியவர், அவர் எடுத்தது விசில் படங்கள். மேஜை ஒன்றுதான், எழுந்து வருகிறவர்கள் வேறு வேறு. மேஜை கற்றுத்தருவது அளவை. எதைப் பார்த்துச் சிரிப்பது என்பது அவரவர் வீட்டிலிருந்து கொண்டுவர வேண்டியது.

என் சொந்தக் கதை ஒன்று சொல்கிறேன். பல வருடங்களுக்கு முன் ஒரு படத்துக்கு வசனம் எழுதினேன். படத்தின் பெயர் வேண்டாம், அது யாருக்கும் ஞாபகம் இல்லாமலிருப்பதே நல்லது. அதில் ஒரு இழவு வீட்டுக் காட்சி. எனக்கு ஊர்ப்பக்கத்து இழவு வீடுகள் நன்றாகத் தெரியும் என்ற திமிர். 14 வரி நையாண்டி எழுதிக் கொடுத்தேன், ஒவ்வொன்றும் கைதட்டல் வாங்கும் என்று நினைத்தேன். ரஃப் கட்டை, அதாவது முதல் கட்ட எடிட்டிங்கை, பார்க்கச் சாலிகிராமத்துக்குக் கூப்பிட்டார்கள். 14-இல் 11 வரியைக் காணோம். எடிட்டர் என்னைவிட 10 வயது சின்னவர். வயிறு எரிந்தது. ‘எங்க ஊர்ல இப்படித்தான் பேசுவாங்க’ என்று சத்தம் போட்டேன். அவர் ‘பேசுவாங்க சார், ஆனா நீங்க அவங்க பேசறதைக் கேக்கவே விடலை’ என்றார்.

படம் வந்தது. தியேட்டரில் மீதி இருந்த 3 வரிக்கும் யாரும் சிரிக்கவில்லை. ஒரே ஒரு இடத்தில் கூட்டம் மொத்தமும் சிரித்தது. பெண்கள் மாரடித்து அழுதுகொண்டிருக்க, பந்தல்காரர் வாசலில் நின்று விரலை மடக்கி நாற்காலி எண்ணுகிறார். நான் எழுதியதில்லை. இயக்குநரும் சொல்லவில்லை. அவர் நிஜமாகவே பந்தல் போட வந்தவர், படப்பிடிப்புக்குக் கொண்டுவந்த நாற்காலிகளை எண்ணிக்கொண்டிருந்திருக்கிறார். ‘கட்’ சொன்ன பிறகும் ஓடிக்கொண்டிருந்த கேமராவில் மாட்டியது. அந்த எடிட்டர் பையன் ரஷ்ஷஸில், அதாவது வெட்டாத மூலப் பதிவில், அதைப் பார்த்து எடுத்து வைத்திருந்தார். ஸ்விங்க் சொன்னது எனக்குப் புரிந்தது அன்றைக்குத்தான், ஸ்விங்க் என்ற பெயர் தெரிந்தது அதற்கும் பல வருடம் கழித்து.

ஆஷ்பியிடமும் இந்தப் பந்தல்காரர் கண் உண்டு. 1979-இல் வந்த ‘பீயிங் தேர்’ படத்தின் முடிவில் ஒரு சவ அடக்கம். இறந்தவர் பெரும் கோடீஸ்வரர். ஜனாதிபதி இரங்கல் உரை வாசித்துக்கொண்டிருக்கிறார், உன்னதமான வாக்கியங்கள். சவப்பெட்டியைத் தூக்கிப் போகிற கனவான்கள் அந்தக் குரலுக்கு அடியில் குசுகுசுவென்று, அடுத்த ஜனாதிபதியாக யாரை நிறுத்துவது என்று பேசிக்கொண்டே நடக்கிறார்கள். மேலே ஒரு சத்தம், கீழே ஒரு சத்தம். திண்ணையும் உள்வீடும்.

அடுத்தது தோல்வி. ‘ஹெரால்ட் அண்ட் மாட்’ வந்தபோது படுதோல்வி. பற்றி எரியும் அனாதை இல்லத்தில் இருக்கக்கூடிய அத்தனை குதூகலமும் இதில் இருப்பதாக ‘வெரைட்டி’ பத்திரிகை எழுதியது. (கொடுமை என்னவென்றால் அதுவும் நல்ல டார்க் காமெடி வரி.) பிறகு கல்லூரி ஊர்களிலும் சின்னத் தியேட்டர்களிலும் மெல்ல மெல்ல ஆள் சேர்ந்தது. மின்னசோட்டாவில் ஈடைனா என்ற ஊரின் ஒரு தியேட்டரில் இரண்டு வருடத்துக்கும் மேலாக ஓடி, வேறு படம் போடுங்களய்யா என்று அக்கம்பக்கத்து ஜனங்கள் அட்டை பிடித்து மறியல் செய்கிற அளவுக்குப் போனது. 1997-இல் அமெரிக்க அரசின் திரைப்படப் பாதுகாப்புப் பட்டியலில் சேர்த்தார்கள்.

நீங்கள் கேட்பது அவருடைய எண்பதுகளைப் பற்றி. அந்த வருடங்களில் எடுத்த கதைப் படங்கள் எதுவும் முந்தைய பத்தாண்டுக்குப் பக்கத்தில்கூட நிற்கவில்லை என்பது உண்மை. அவரிடமும் குற்றம் உண்டு. ஏராளமாகச் சுட்டுக் குவித்துவிட்டு, மேஜையில் பார்த்துக்கொள்ளலாம் என்று மாதக்கணக்கில் உள்ளே உட்கார்ந்துவிடுவார். எடிட்டராக இருந்து இயக்குநரானவர்களுக்கு உள்ள வியாதி இது, உங்களுக்கும் அதன் ஆரம்ப அறிகுறி இருக்கிறது. கூடவே, எழுபதுகளில் அவரைப் போன்ற ஆட்களைச் சகித்துக்கொண்ட ஸ்டுடியோக்கள் எண்பதுகளில் பொறுமை இழந்துவிட்டன. கடைசியாக அவர் எடுத்த சினிமா ‘எய்ட் மில்லியன் வேஸ் டு டை’ 1986-இல் வந்தது. படப்பிடிப்பு முடிந்த கையோடு பிலிமை அவரிடமிருந்து பறித்து வேறு ஆட்களை வைத்து எடிட் செய்தார்கள். எடிட்டிங் அறையில் பிறந்த ஒருவரை எடிட்டிங் அறைக்கு வெளியே நிறுத்தினார்கள். 1988 டிசம்பரில் புற்றுநோயில் இறந்தார். 59 வயது.

இதை எடிட்டர்களுக்கு உயிரில்லை என்பதற்கு ஆதாரமாக எப்படி எடுத்துக்கொள்வது? கதை நேர்மாறாக இருக்கிறது. மேஜை அவரிடம் இருந்தவரை படங்கள் உயிரோடிருந்தன. உங்கள் சீனியரிடம் இன்னொன்றும் சொல்லுங்கள். ஆஷ்பியின் சில படங்களுக்கு எடிட்டராக இருந்த ராபர்ட் சி. ஜோன்ஸ், 1978-இல் வந்த ‘கமிங் ஹோம்’ படத்துக்கு ஆஸ்கர் வாங்கினார், எடிட்டிங்குக்காக இல்லை, திரைக்கதைக்காக. முகங்களை அவ்வளவு நேரம் பார்த்தவனுக்கு எழுதவும் வந்துவிடுகிறது. சுத்தமான கட் போடுகிறவனுக்கு உயிர் தெரியாது என்பது, நன்றாகச் சமைப்பவனுக்குப் பசி தெரியாது என்று சொல்வது மாதிரி.

அப்புறம், உங்கள் படம்.

முதல் 4 நிமிடத்தில் 61 கட் எண்ணினேன். அண்ணன் தம்பி சண்டையில் யார் வாய் திறக்கிறாரோ அவர் முகத்துக்கு ஓடுகிறீர்கள். ஒவ்வொரு வசனத்தையும் மூன்று கோணத்தில் எடுத்து வைத்திருப்பது பார்த்தாலே தெரிகிறது. மேஜையில் வந்து மாட்டிக்கொள்வோமோ என்ற பயம். எடுத்ததையெல்லாம் பயன்படுத்தியும் விட்டீர்கள். இதனால் இரண்டு பேர் டீசலுக்காகச் சண்டை போடுவது மட்டும்தான் எனக்குக் கிடைத்தது. எதற்குப் பக்கத்தில் நின்று சண்டை போடுகிறார்கள் என்பது மறந்தே போயிற்று. சண்டை முழுவதும் ஐஸ் பெட்டி ஒரு ஷாட்டில்கூட அவர்களோடு சேர்ந்து வரவில்லை. புகையையும் தேநீரையும் பிரித்துவிட்டீர்கள்.

14-வது நிமிடத்தில் அப்பா சைக்கிளில் பிள்ளைகளை வைத்து ஓட்டுகிற ஃபிளாஷ்பேக் ஒன்றரை நிமிடம் போகிறது, புல்லாங்குழலோடு. எடுத்துவிடுங்கள். அந்த சைக்கிள் திண்ணையில் சாத்தியிருப்பதை 2-வது நிமிடத்தில் ஏற்கெனவே காட்டிவிட்டீர்கள். அதற்கு மேல் வேண்டாம்.

7-வது நிமிடத்தில் ஓர் ஓரத்தில் அந்த அம்மா இருக்கிறார். கரண்ட் போனதும் பெட்டியின் கண்ணாடியில் நீர் கோத்து முகம் மங்குகிறது, அவர் முந்தானையால் துடைக்கிறார். துடைக்கத் துடைக்க மங்குகிறது, மறுபடி துடைக்கிறார். உங்கள் படத்தில் அதற்கு ஒன்றரை நொடி. உடனே தம்பியின் முகத்துக்குப் போய்விடுகிறீர்கள், அவர் ‘லிட்டர் எவ்வளவு தெரியுமா’ என்று கத்துகிறார். அந்தக் கத்தலை அம்மா துடைக்கிற ஷாட்டின் மேலேயே கேட்கவிட்டால் என்ன? தம்பியின் முகத்தைப் பார்த்தே ஆக வேண்டுமா?

அழுத நண்பரைப் பற்றிக் கவலைப்படாதீர்கள். அவர் அழுதது எந்த நிமிடத்தில் என்று மட்டும் கேட்டு வையுங்கள். ஃபிளாஷ்பேக்கில் என்றால் புல்லாங்குழல் செய்த வேலை. அம்மா துடைக்கிற இடத்தில் என்றால் உங்கள் படம் அங்கேதான் இருக்கிறது.

கடைசியாக ஒன்று. 9-வது நிமிடத்தில் ஜெனரேட்டர் ஓட ஆரம்பிக்கிறது, எல்லாரும் பெட்டியைப் பார்க்கிறார்கள். பின்னால் சுவரோரம் கட்டம் போட்ட சட்டைப் பையன் ஒருவன் எக்ஸ்டென்ஷன் பாக்ஸைத் தேடிப்போய், ஐஸ் பெட்டியின் பிளக்குக்குப் பக்கத்தில் தன் செல்போன் சார்ஜரைச் சொருகுகிறான். சொருகிவிட்டு யாராவது பார்த்தார்களா என்று திரும்பிப் பார்க்கிறான். நீங்கள் சொல்லிச் செய்தானா, தானாகச் செய்தானா என்று தெரியவில்லை. அடுத்த கட்டில் அவனைக் காணோம். நான் தனியாக உட்கார்ந்து படம் பார்த்துக்கொண்டிருந்தேன், அந்த இடத்தில் சத்தமாகச் சிரித்துவிட்டேன், பக்கத்து அறையிலிருந்து என்ன என்று கேட்டார்கள்.

அந்த டேக் இன்னும் எத்தனை நொடி ஓடுகிறது என்று பார்த்து எழுதுங்கள்.